கழகத்துக்குக் கொள்ளி வைத்தவள்

கழகத்தை மூடச் சொல்லி அரசாணை வந்த மறுநாள் காலையில், கோரைத்துறையில் இருந்த கடலோரக் குளிர்கிடங்குக் கழகத்தின் நான்காம் அறையில், சிமெண்டுத் தரையில், கைகள் இரண்டையும் பக்கத்தில் நீட்டி, கழகம் இறந்து கிடந்தது.

முதலில் பார்த்தவர் காவலாளி அலாவுதீன் பாய். கட்டணம் கட்டாததால் நாற்பது நாட்களுக்கு முன்பே மின்சாரத்தைத் துண்டித்துவிட்டிருந்தார்கள், இயந்திரங்கள் எல்லாம் நின்று அவற்றின் மேல் புறா எச்சம் காய்ந்துகொண்டிருந்தது, ஆனாலும் அன்று காலை நான்காம் அறைக் கதவின் இடுக்கிலிருந்து பழைய நாட்களைப் போல வெள்ளைப் புகை தரையோடு தரையாக வழிந்து வந்ததால், யாரோ கள்ளத்தனமாக ஐஸ் கொண்டுவந்து வைத்திருக்கிறார்கள் என்று நினைத்து அவர் கதவைத் திறந்தார், பார்த்தார், மறுபடி மூடினார், குழாயடியில் முகம் கழுவினார், சைக்கிளை எடுத்துக்கொண்டு ஹெட்கிளார்க் கோதண்டபாணி சார் வீட்டுக்குப் போய், "சார், கழகம் மவுத்தாயிடுச்சு" என்றார்.

"எத்தனை மணிக்கு?" என்று கேட்டார் ஹெட்கிளார்க். நேரத்தைப் பதிவு செய்ய வேண்டும் அல்லவா.

அது கழகம்தான் என்று எப்படித் தெரியும் என்று யாரும் யாரையும் கேட்கவில்லை. பேருந்தில் எதிர் இருக்கையில் இருப்பவர் தூரத்துச் சொந்தம் என்று முகத்தைப் பார்த்ததும் தெரிவதில்லையா, அப்படித் தெரிந்தது. ஏழடி நீளம் இருந்தது. கழகம் தொடங்கி நாற்பத்தொரு வருடம் ஆகியிருந்தது, உடம்புக்கும் நாற்பத்தொரு வயதுதான் சொல்லலாம். காக்கிச் சட்டை, அலையும் மீனும் பொறித்த பித்தளைப் பொத்தான்கள். முகம் ஆணா பெண்ணா என்று பிரித்துச் சொல்ல முடியாத, வெயிலில் வெளுத்துப்போன குழுப் புகைப்படத்தின் கடைசி வரிசையில் நிற்பவர்களுக்கு இருக்கிற மாதிரியான முகம்.

கோதண்டபாணி சார் முப்பத்து மூன்று வருடம் கோப்பு கட்டியவர். எந்தக் கோப்பில் 'முடிக்கப்பட்டது' என்று எழுதினாலும் அடுத்த நொடியில் சட்டைப் பையிலிருந்து வெள்ளை நாடாவை எடுத்து இரண்டு சுற்று சுற்றி முடிச்சுப் போடுவது அவர் கையின் பழக்கம். அன்றும் அவர் அறைக்குள் போய், உடம்பின் கால்மாட்டில் குந்தி, பையிலிருந்து நாடாவை எடுத்து, இரண்டு கால் கட்டைவிரல்களையும் சேர்த்து இரண்டு சுற்று சுற்றி முடிச்சுப் போட்டுவிட்டு எழுந்தார். வேலை முடிந்தது என்று கைக்குத் தெரிந்தது, கட்டியது, அவ்வளவுதான். அந்த முடிச்சால் பின்னால் என்ன வரப்போகிறது என்று அப்போது எங்களில் ஒருவருக்கும் தெரியாது.

பத்து மணிக்குள் எண்பத்து மூன்று பணியாளர்களும் வந்துவிட்டார்கள். வரிசையாக உள்ளே போய்ப் பார்த்து, வரிசையாக வெளியே வந்தார்கள், வெளியே வந்தவர்கள் எல்லோரும் வேப்பமரத்தடியில் ஒருவரை ஒருவர் பார்க்காமல் நின்றார்கள். கடைசியில் சுமை தூக்கும் ஞானப்பிரகாசம் அண்ணன்தான் வாயைத் திறந்தார். இயந்திர இரைச்சலில் அவருக்கு வலது காது போய் பதினைந்து வருடம்.

"எங்காது அங்க இருக்கு" என்றார். "சின்ன வயசுல தொங்கட்டான் அறுந்து கிழிஞ்ச ஓட்டையோட, அப்படியே இருக்கு."

அதன் பிறகு எல்லோரும் பேசினார்கள். ஒருவருடைய முழங்கால் அங்கே இருந்தது. ஒருவருடைய முடி. அமோனியா கசிந்த நாளில் ஒருவர் இழந்த கண்ணின் பார்வை மூடிய இமைக்குக் கீழே இருக்கிறது என்று அவர் சத்தியம் செய்தார். என் அம்மா காத்தாயி இருபத்தாறு வருடம் மீன்கூடை சுமந்தவள். பத்தொன்பது வருடத்துக்கு முன்பு, உறைந்த இரும்புக் கதவில் இடது கையின் கடைசி இரண்டு விரல்களும் ஒட்டிக்கொண்டு நுனிகள் போய்விட்டன. அவை அந்த உடம்பின் இடது கையில் இருந்தன. அந்த வருடப் பொங்கலுக்கு அவள் வைத்திருந்த மருதாணி அந்த நகங்களில் இன்னும் சிவப்பாக இருந்தது.

"நல்லா பத்தியிருக்குடி" என்று மட்டும் அம்மா என்னிடம் சொன்னாள்.

எண்பத்து மூன்று பேருக்கும் பதினோரு மாதச் சம்பளமும் பணிக்கொடையும் பாக்கி. அம்மாவுக்கு வரவேண்டியது மூன்று லட்சத்துச் சொச்சம். அதில் ஒன்றரை லட்சம் நான் படித்த நர்சிங் கல்லூரிக்குப் போக வேண்டும், ஏனென்றால் கட்டணம் பாக்கி என்று சொல்லி அவர்கள் என் அசல் சான்றிதழ்களை பீரோவில் வைத்துப் பூட்டியிருந்தார்கள். திருச்சியில் ஒரு மருத்துவமனையில் எனக்கு வேலை சொல்லியிருந்தார்கள். ஜூலை பதினைந்தாம் தேதி அசல் சான்றிதழ்களோடு போய்ச் சேர வேண்டும், போகாவிட்டால் அடுத்த பெண்ணுக்கு இடம். அப்பா இல்லாத வீடு. எங்களுக்கு இருந்தது அந்த ஒரு தேதிதான்.

முதல் பிரச்சினை, கழகம் என்ன மதம் என்பது. ஆயுத பூசைக்குப் பொரிகடலை கொடுத்திருக்கிறது, கிறிஸ்துமஸுக்கு முன்பணம் கொடுத்திருக்கிறது, நோன்பு மாதத்தில் ஒரு மணி நேரம் முன்னதாக வீட்டுக்கு அனுப்பியிருக்கிறது. "எல்லாத்துக்கும் கொடுத்த ஒரே ஆளு, அதான் செத்துப்போச்சு" என்றார் ஞானப்பிரகாசம் அண்ணன். புதைப்பதா எரிப்பதா என்று மூன்று நாள் பேசினார்கள். கழகத்தின் திறப்பு விழாவுக்குக் குத்துவிளக்கு ஏற்றினார்கள் என்று யாரோ ஞாபகப்படுத்தியதால், எரிப்பது என்று முடிவாயிற்று. ஆனால் எரிக்க வேண்டுமானால் யாராவது கொள்ளி வைக்க வேண்டும். அங்கே பேச்சு நின்றது.

இரண்டாவது பிரச்சினை, அடுப்பு. கிடங்கை ஒட்டித்தான் எங்கள் குடியிருப்பு, இரண்டு தெரு. பிணம் கிடக்கும் தெருவில் அடுப்புப் பற்றவைக்கக் கூடாது, எடுத்த பிறகுதான் உலை. முதல் மூன்று நாள் ஓட்டலில் வாங்கிச் சாப்பிட்டோம். நான்காம் நாள் பெண்கள் எல்லோரும் அடுப்புகளைத் தூக்கிக்கொண்டு நெடுஞ்சாலையைத் தாண்டிப் போய், பேருந்து நிழற்குடையின் பின்னால் வரிசையாக வைத்துச் சமைக்க ஆரம்பித்தார்கள், இரண்டு வாரத்துக்குள் எந்த அடுப்பில் யார் வீட்டுக் குழம்பு கொதிக்கிறது என்று கண்டக்டர்களுக்கே தெரிந்துவிட்டது, சாலையைத் தாண்டிக் குழம்புச் சட்டி வருவதற்காக லாரிகள் நின்று வழிவிடப் பழகின. மாரியம்மன் கோயிலைப் பதினாறு நாள் மூடி வைத்திருந்தார்கள். பதினேழாம் நாள் பூசாரி வந்து மதிலைச் சுற்றி நடந்து பார்த்துவிட்டு, இது வயிற்றில் பிறந்த உடம்பு இல்லை, சட்டசபையில் பிறந்தது, ஆகையால் தீட்டு மதில் வரைக்கும்தான் என்று சொல்லி நடையைத் திறந்தார்.

உடம்பு கெடவில்லை. குளிரும் குறையவில்லை. மாசி போய்ப் பங்குனி வந்து வெயில் ஏறியபோது, மீன் விற்கும் பெண் ஒருத்தி, விற்காத வஞ்சிரம் இரண்டு கூடை மீந்துபோய், வேறு வழி தெரியாமல் நான்காம் அறைக் கதவைத் தட்டி, "அண்ணே, ஒரு ஓரமா வெச்சுக்கறேன், காலையில எடுத்துடறேன்" என்று பிணத்திடம் சொல்லி வைத்துவிட்டுப் போனாள். காலையில் மீன் வலையிலிருந்து அப்போதுதான் எடுத்தது போல இருந்தது. அதற்கடுத்து பால்காரர் வந்தார். மல்லிகை மொட்டு வைத்தார்கள். சர்க்கரை நோயாளிகள் ஊசிமருந்து வைத்தார்கள். யாரும் பயப்படவில்லை, ஆனால் எல்லோரும் வெளியே வரும்போது பின்பக்கமாகவே நடந்து வந்தார்கள், கதவை மூடும்போது "வரேன்" என்று சொன்னார்கள். அங்கே வைத்த பாலைக் குடித்தவர்கள் மதியத் தூக்கத்தில் எண்களை முணுமுணுத்தார்கள். மனைவிமார்கள் அதைக் காலண்டரில் குறித்து வைத்தார்கள். கோதண்டபாணி சார் வாங்கிப் பார்த்துவிட்டு, நாற்பத்தொரு வருடமாகப் பதில் போடாத மனுக்களின் எண்கள் அவை என்று சொன்னார்.

பங்குனிக் கடைசியில் கலைப்பு அலுவலர் வந்தார். கழகத்தை மூடிக் கணக்கு முடிக்க அரசு அனுப்பியவர். குடை பிடித்துக்கொண்டு, ஷூ கழற்றாமல், வாயிற்கதவுக்கு வெளியே சாலையில் நின்றார். இறந்த வீட்டுக்குள் கால் வைத்தால், ஒரு வார்த்தை துக்கம் கேட்டால், ஒரு வாய்த் தேநீர் குடித்தால், அது உறவை ஒப்புக்கொண்டதாகும் என்று அவருக்கு மேலிடத்தில் சொல்லி அனுப்பியிருந்தார்கள்.

"உள்ள வந்து ஒரு தடவ மூஞ்சியப் பாத்துட்டுப் போங்க சார்" என்றார் ஞானப்பிரகாசம் அண்ணன்.

"இங்கிருந்தே தெரிகிறது."

"இங்கேருந்து செவுருதான் சார் தெரியும்."

"நான் சுவரைத்தான் பார்க்க வந்தேன். சொத்து மதிப்பீடு."

அம்மா முன்னால் போனாள். "சார், எங்க பணிக்கொடைக்கு யாரு சார் பொறுப்பு?"

"உங்களுக்கு வேலை கொடுத்தது அரசு இல்லையம்மா. கழகம். கழகம் என்பது சட்டப்படி தனி நபர். தனி நபர் இறந்துவிட்டால், அவர் வைத்த பாக்கியை அவருடைய வாரிசிடம்தான் கேட்க வேண்டும்."

"பெத்தது நீங்கதான சார்?"

"பிள்ளை வைத்த பாக்கியைத் தகப்பன் தீர்க்க வேண்டும் என்று எந்தச் சட்டத்திலும் இல்லை."

"புள்ள சம்பாதிச்சத மட்டும் நாப்பது வருசம் வாங்கிக்கிட்டீங்களே."

அந்த நேரத்தில் நான்காம் அறையை யாரோ மீன் எடுக்கத் திறந்தார்கள், குளிர் வாசல்வரை வந்தது, அலுவலருக்கு அடுக்கடுக்காகத் தும்மல் வந்து கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்தது. அவர் பதறிப்போய்ப் பக்கத்திலிருந்த உதவியாளரிடம், "இது அழுகை இல்லை, குளிர். எழுதிக்கொள்ளுங்கள், குளிர்" என்றார். உதவியாளர் எழுதிக்கொண்டார்.

கடலோரத்து மூன்று ஏக்கர் நிலம் அரசுக்கு வேண்டும், பிணம் வேண்டாம். அநாதைப் பிணம் என்று எடுத்துப் புதைத்துவிட்டால் நிலம் அரசுக்கு, பாக்கி யாருக்கும் இல்லை. சித்திரையில் அதற்காக லாரி வந்தது. லாரி ஆட்கள் உள்ளே போனார்கள், இரண்டே நிமிடத்தில் வெளியே வந்து, "சார், கால்ல கட்டு போட்டிருக்கு சார், இது அநாதை இல்ல, சொந்தம் இருக்கு" என்றார்கள். கலைப்பு அலுவலர் சாலையில் நின்றபடியே சிரித்தார். அவர் சிரித்து நாங்கள் பார்த்தது அந்த ஒரு முறைதான்.

பத்து நாளில் கடிதம் வந்தது. கோதண்டபாணி சார் சுமை இறக்கும் கொட்டகையில் நின்று எல்லோருக்கும் படித்துக் காட்டினார். இறந்த கழகத்தின் கால் கட்டைவிரல்கள் கழகப் பணியாளர் ஒருவரால் கட்டப்பட்டிருப்பதால், ஈமக்கடனைத் தொடங்கிய பணியாளர்களே உறவினர் ஆவர். அவர்களில் எவர் கொள்ளி வைக்கிறாரோ அவரே வாரிசு. நிலம், கட்டடம், இயந்திரம் அனைத்தும் அவரைச் சேரும், எண்பத்து மூவரின் நிலுவையும் அவரைச் சேரும். முப்பது நாளில் எவரும் முன்வராவிடில் நிலம் அரசுக்கு மீளும், நிலுவை காலாவதியாகும்.

படித்து முடித்ததும் அவர் கடிதத்தை மடிக்கவும் முடியாமல் நின்றார். "பழக்கம், பழக்கத்துல கட்டிட்டேன்" என்றார்.

"ஷூ லேஸ் மாதிரி கட்டிட்டீங்களே சார்" என்றார் ஞானப்பிரகாசம் அண்ணன்.

நிலத்தை விற்றால் போதாதா என்று கேட்டார்கள். இறால் ஏற்றுமதி செய்யும் ஒருவர் விலை சொல்லியிருந்தார். ஹெட்கிளார்க் கூட்டிப் பார்த்தார். எண்பத்து மூன்று பேருக்கும் சரியாக வரும், கொள்ளி வைக்கிறவர் கையில் ஒன்றும் மிஞ்சாது. ஆனால் எல்லோருக்கும் பயம் அது இல்லை. விலை பேசியவர் பின்வாங்கினால், பத்திரப் பதிவு இழுத்துக்கொண்டே போனால், எண்பத்திரண்டு பேர் தினமும் வந்து நிற்கப்போவது தன் வீட்டு வாசலில். கழகத்தின் வாசலில் போய் நின்று கேட்டுப் பழகியவர்களுக்கு, கேட்பது எப்படி இருக்கும் என்று தெரியும். ஆகவே எல்லோரும் அடுத்தவர் வைக்கட்டும் என்று இருந்தார்கள். முப்பது நாளில் இருபத்தாறு போயிற்று.

இருபத்தேழாம் நாள் முற்பகல், நிழற்குடையின் பின்னால், அம்மா கெளுத்தி அரிந்துகொண்டே, "நான் வெக்கிறேன்டி அரசி" என்றாள். என் பெயர் மாதரசி.

"பொம்பள வெக்கலாமாம்மா?"

"செத்தது ஆம்பளையா இருந்தா அதக் கேக்கணும்."

"வேற யாராச்சும் வெக்கட்டுமே."

"யாரு? பாய்க்கு இந்த மாசம் கண்ணு ஆபரேசன். ஞானம் வாடகை குடுத்து அஞ்சு மாசம் ஆச்சு. ஒனக்குச் சான்றிதழு. எல்லாரும் பக்கத்து எலையப் பாத்துக்கிட்டே ஒக்காந்திருந்தா, பந்தியே எடுத்துருவான்." மீனைக் கழுவி இன்னொரு சட்டியில் போட்டாள். "என்னா, நாலு பேரு வந்து கேப்பாங்க. வெச்சிருந்தா குடுக்கப் போறேன். இதுல என்னா பெரிய பயம்?"

எனக்குப் பயமாக இருந்தது. எதற்கு என்று சொல்லத் தெரியவில்லை. நான் சொல்ல நினைப்பது வாய்க்கு வருவதற்குள் எதிரில் இருப்பவர் எழுந்து போய்விடுவார், எப்போதும் அப்படித்தான். அம்மாவும் குழம்பைக் கூட்டப் போய்விட்டாள்.

மறுநாள் உச்சி வெயிலில் எடுத்தார்கள். பாடைக்கு நீளம் போதாமல் கிடங்கின் இரண்டு இரும்பு ஏணிகளைச் சேர்த்துக் கட்டினார்கள். வழக்கமாகச் சுடுகாட்டுக்குப் போகாத பெண்களும் போனோம், ஏனென்றால் செத்தவருக்கு எல்லோரும் ஒரே அளவு சொந்தம். அலாவுதீன் பாய் கைகளை ஏந்தி ஓதினார். ஞானப்பிரகாசம் அண்ணன் மெழுகுவத்தி கொளுத்தி மணலில் நட்டார். அம்மா தோளில் தண்ணீர்க் குடத்தோடு மூன்று சுற்று வந்தாள், சுற்றுக்கு ஒரு ஓட்டை போட்டார்கள், குடத்திலிருந்து பீய்ச்சிய தண்ணீர் மணலில் விழுவதற்குள் மணிமணியாக உறைந்து உருண்டது. குடத்தை உடைத்தாள். திரும்பிப் பார்க்காமல் பின்கையால் தீயை வைத்துவிட்டு நடந்தாள்.

தீ வெள்ளையாக எரிந்தது. அனலுக்கு விலகி நிற்க வேண்டிய நாங்கள் நடுங்கி, முந்தானையால் தலையை மூடி, கிட்டக் கிட்டப் போனோம், போகப் போக இன்னும் குளிர்ந்தது. வைகாசி வெயிலில் சவுக்குத்தோப்பின் ஊசி இலைகளில் எல்லாம் பனி படிந்தது. அதே நேரத்தில் நான்காம் அறையின் குளிர் போயிற்று, அங்கே வைத்திருந்த நாற்பது கூடை மீனும் பாலும் மல்லிகையும் ஒரே மணி நேரத்தில் அழுகி, அந்த வாடை ஊரைத் தாண்டிப் பக்கத்து ஊருக்குப் போயிற்று. அன்றைக்குத்தான் பலர் கழகத்துக்காக வாய்விட்டு அழுதார்கள்.

அம்மா கடலில் முழுகிவிட்டு வீட்டுக்கு வருவாள் என்று, வாசலில் கால் கழுவத் தண்ணீரும் வேப்பிலையும் வைத்துவிட்டு நான் காத்திருந்தேன். வெகுநேரம் வரவில்லை. கிடங்கில் போய்ப் பார்த்தேன். மேலாளர் அறையில், மேலாளர் நாற்காலியில், ஈரப் புடவையோடு உட்கார்ந்திருந்தாள். கைகள் மேசைமேல் இருந்தன. பத்து விரலும் முழுசாக இருந்தன, இடது கையின் கடைசி இரண்டும் சிவப்பாக.

"அம்மா" என்றேன்.

வரிசையில் நிற்கிறவரைப் பார்ப்பது போல என்னைப் பார்த்தாள். "மனு கொண்டுவந்திருக்கிறீர்களா?" என்றாள்.

என் அம்மா மூன்றாம் வகுப்பு. ஜென்மத்தில் அப்படிப் பேசியவள் இல்லை. மேசைமேல் அவளுக்காக யாரோ வைத்த தேநீரில் ஐஸ் ஏடு கட்டியிருந்தது.

ஊர் இதற்கும் பழகியது. அன்று முதல் நான் தூக்குச் சட்டியில் சோறு கொண்டுபோய் வைப்பேன், மாலையில் கல்லாக எடுத்துவருவேன். கோதண்டபாணி சார் சட்டையை இஸ்திரி போட்டுக்கொண்டு வேலைக்கு வந்துவிட்டார். அலாவுதீன் பாய் வாசலில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்தார். "காத்தாயி அக்கா" என்று கூப்பிட்டவர்கள் எல்லோரும் இப்போது கூப்பிடுவதற்குப் பெயர் இல்லாமல், மேசை முன் நின்று தொண்டையைக் கனைத்தார்கள். அவளும் யாரிடமும் ஒரு சொல் கூடுதலாகப் பேசவில்லை, ஆனால் யாரையும் திருப்பி அனுப்பவும் இல்லை. நிலத்தை விற்றாள். இயந்திரங்களை எடைக்குப் போட்டாள். இறால்காரர் விலையைக் குறைக்கப் பார்த்தபோது அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள், அவர் குளிரில் பல் கிட்டிப்போய்ச் சொன்ன விலைக்கே கையெழுத்துப் போட்டார். ஜூன் இரண்டாவது வாரம் முதல், ஒரு நாளைக்கு நான்கு பேர், பணிமூப்பு வரிசையில், காசோலை வாங்கிக்கொண்டு போனார்கள். வாங்கிய சிலர் படியில் உட்கார்ந்து அழுதார்கள். தேதி நெருங்குகிறது என்று நான் விரல்விட்டு எண்ணிக்கொண்டிருந்தேன், ஆனாலும் அவள் அந்தத் தேதியை மறந்திருக்க மாட்டாள் என்று இருந்தேன்.

ஜன்னல் வழியாக நான் தினமும் பார்த்தேன். முப்பதாவது ஆள் காசோலை வாங்கிப் போன பிறகு, அவள் தோளின் வழியாகப் பின்சுவரில் இருந்த காலண்டரின் தேதி மங்கலாகத் தெரிந்தது. வெயில் அப்படி விழுகிறது என்று நினைத்தேன். ஐம்பதாவது ஆளுக்குப் பிறகு கிழமை தெரிந்தது. எழுபதாவது ஆளுக்குப் பிறகு நாற்காலியின் முதுகில் இருந்த பிரம்புப் பின்னலை எண்ண முடிந்தது. ஒவ்வொரு பாக்கி தீரும்போதும் அவள் கொஞ்சம் தீர்ந்தாள். வேறு யாருக்கும் அது தெரியவில்லையா என்று பார்த்தேன். தெரிந்தது. வாங்குகிறவர்கள் எல்லோரும் குனிந்துகொண்டே வாங்கினார்கள்.

"கடைசி ஆளுக்கும் குடுத்து முடிச்சிட்டா அக்கா வூட்டுக்கு வந்துரும் பாப்பா" என்றார் அலாவுதீன் பாய். அவருக்கு ஆபரேசன் முடிந்து கறுப்புக் கண்ணாடி போட்டிருந்தார். "பாரம் எறங்குனா மனுசி பழையபடி ஆயிரும்."

"பாரம் இல்லன்னா அங்க ஒக்காந்திருக்கறது என்னா பாய்?" என்றார் ஞானப்பிரகாசம் அண்ணன். பிறகு என் பக்கம் திரும்பி, "நான் ஒண்ணும் சொல்லல தங்கச்சி. நான் வாங்கிட்டவன். எனக்குச் சொல்ல வாய் கிடையாது" என்றார்.

ஜூலை பதினான்காம் தேதி காலையில் எண்பத்திரண்டாவது ஆளும் வாங்கிக்கொண்டு போனார். மீதி இருந்தது ஒரு பெயர். நான் உள்ளே போனேன். மேசைமேல் காசோலை எழுதித் தயாராக இருந்தது, மூன்று லட்சத்துச் சொச்சம், கையெழுத்தும் போட்டிருந்தது. மாலைக்குள் கல்லூரியில் கட்டினால் சான்றிதழ் கைக்கு வரும், இரவுப் பேருந்தில் ஏறினால் காலையில் திருச்சி. ஆனால் காசோலையின் மேல் அவள் கை இருந்தது. கையின் வழியாக எழுத்துகள் தெரிந்தன.

கோதண்டபாணி சார் ஒரு படிவத்தை என் முன்னால் வைத்து, என் முகத்தைப் பார்க்காமல் பேசினார். "விதி ஒண்ணு இருக்கும்மா. கொடுக்கறவரும் வாங்கறவரும் ஒரே ஆளா இருக்கக் கூடாது. காத்தாயி அவங்களுக்குச் சேர வேண்டியதைக் காத்தாயி கையால குடுத்தா செல்லாது. ஆனா நீ நியமனதாரர், அதாவது நாமினி. பணியாளர் இல்லாத பட்சத்துல உனக்குக் குடுக்கலாம்." விரலால் ஒரு கட்டத்தைத் தொட்டுக் காட்டினார். "இதுல மட்டும் எழுதணும்."

கட்டத்தில் அச்சடித்திருந்தது: பணியாளர் உயிருடன் உள்ளாரா?

"எழுத்துதானம்மா" என்றார் அவர், மிகவும் மெதுவாக. "'இல்லை'ன்னு எழுதினா முடிஞ்சுது. உண்மைன்னு யாரு சொன்னா? முப்பத்து மூணு வருசமா நான் எவ்வளவோ எழுதியிருக்கேன்."

நான் பேனாவை எடுத்தேன். அம்மாவைப் பார்த்தேன். காலண்டரில் பதினான்கு, திங்கட்கிழமை, அடியில் ராகுகாலம் ஏழரை முதல் ஒன்பது, எல்லாம் அவள் வழியாகச் சுத்தமாகத் தெரிந்தது. அந்தச் சான்றிதழுக்காகத்தான் அவள் அந்தக் குடத்தைத் தூக்கினாள். அதை வாங்காமல் போனால் அவள் தூக்கியது வீண். வாங்கினால், நாளைக்கு இந்த நாற்காலியில் காலண்டர் மட்டும் இருக்கலாம், அல்லது பாய் சொன்னதுபோல ஈரப் புடவையை உதறிக்கொண்டு அவள் எழுந்து வரலாம். யாருக்கும் தெரியாது. தெரியாத ஒன்றுக்கு என் கையெழுத்தில் 'இல்லை' என்று எழுத வேண்டும்.

யாரும் அவசரப்படுத்தவில்லை. பிறகு 'ஆம்' என்று எழுதி, கீழே மாதரசி என்று கையெழுத்துப் போட்டு, நகர்த்தி வைத்தேன்.

அவள் படிவத்தை எடுத்துப் படித்தாள். இரண்டு எழுத்துதான், ஆனால் ஒரு பக்கம் படிக்கிற நேரம் படித்தாள்.

"உயிருடன் இருந்தால் அவர் நேரில் வர வேண்டும்" என்றாள்.

"வருவாங்க" என்றேன்.

"இன்று வராவிட்டால் இது நிலுவையில் இருக்கும்."

"இருக்கட்டும்."

காசோலையை எடுத்து மேசை இழுப்பறைக்குள் வைத்தாள். கோதண்டபாணி சாரின் கை சட்டைப் பையில் நாடாவைத் தேடியது, அவளே தலையை அசைத்து வேண்டாம் என்றாள். படிவத்தைத் தட்டில், திறந்தபடியே வைத்தாள். நான் கும்பிட்டுவிட்டுத் திரும்பினேன். வாசற்படியில் கால் வைத்தபோது பின்னாலிருந்து குரல் வந்தது.

"நாளைக்கு வா. வெறும் வயித்தோட வராத, சாப்புட்டுட்டு வா."

திரும்பிப் பார்த்தேன். அவள் குனிந்து ஏதோ எழுதிக்கொண்டிருந்தாள்.

மறுநாள், திருச்சி மருத்துவமனையில் என் இடத்தில் வேறொரு பெண் போய்ச் சேர்ந்த அதே காலையில், நிழற்குடைக்குப் பின்னால், பிணத்தை எடுத்த பிறகும் கடையாக அங்கேயே நின்றுவிட்ட ஓர் அடுப்பில் வாங்கி மூன்று இட்லி சாப்பிட்டுவிட்டு, நான் போனேன்.